நரகத்துச் செடியும் பொன் வத்தகப்பழமும்

ஞாயிற்றுக்கிழமை காலை ஐந்து நாற்பது. முதலில் கண்ணில் பட்டது கழுதை. முற்றத்துக்குள் நின்று, கொடியில் கிடந்த தம்பியின் துவாயை மென்றுகொண்டிருந்தது. மன்னார் பட்டினத்தில் கழுதை வளவுக்குள் வருவது பெரிய விஷயமில்லை. ஆனால் கேற்றை யாராவது திறந்துவிட்டிருக்க வேண்டும். இரவு அதைப் பூட்டியது நான். வீட்டில் என்னைத் தவிர இருப்பது தம்பி மட்டும். அவனுக்கு இடுப்புக்குக் கீழே சரியாக வேலை செய்வதில்லை.

அவனுடைய அறைக்குப் போனேன். கட்டிலில் ஆள் இல்லை. போர்வை மடித்து வைக்கப்பட்டிருந்தது. ஊன்றுகோல்கள் இரண்டும் இல்லை. தலையணைக்குப் பக்கத்தில் அவன் விளையாடும் டப்லெட், அந்த டப், கிடந்தது. விரல் பட்டதும் திரையில் வெளிச்சம் வந்தது. விளையாட்டுக்குள் மரப்பெட்டி ஒன்று திறந்தபடி இருந்தது. உள்ளே வரிசை வரிசையாகச் சிவப்புப் போத்தல்கள். காயம் ஆற்றும் மருந்து. முந்தின மாலை நான் பார்த்தபோது அந்தப் பெட்டியில் பாதிதான் இருந்தது. இப்போது ஒரு கட்டமும் காலியில்லை. பருவத்துக்குக் கடற்கரை வாடிக்குப் போகிறவன் வீட்டில் அரிசி மூட்டை இறக்கிவிட்டுப் போவதைப்போல நிரப்பி வைத்திருந்தான்.

எங்கே போயிருப்பான் என்று யோசிக்கத் தேவையிருக்கவில்லை. உடனே ஓடியிருக்க வேண்டும். நான் குசினிக்குள் போய்த் தேத்தண்ணி ஊற்றி, கதிரையில் இருந்து குடித்தேன். கழுதை துவாயின் மறுபக்கத்தைத் தொடங்கியிருந்தது. அதையும் துரத்தவில்லை.

தம்பி சங்கு குளிக்கிறவன். பருவம் வந்தால் முதுகில் சிலிண்டரைக் கட்டிக்கொண்டு கடலின் அடிக்குப் போய்ச் சங்கும் கடலட்டையும் பொறுக்கி வருவான். அவனுடைய வீடு முள்ளிக்குளம் பக்கம். மனைவியும் பதினாலு வயது மகளும் அங்கே இருக்கிறார்கள். பருவ காலத்தில் மன்னார்த் தீவின் தென்கரையில் உள்ள வாடியில் தங்குவான். வாடி என்றால் கடற்கரையில் மீன்பிடிகாரர் போட்டிருக்கும் கிடுகுக் கொட்டில்தான்.

எங்கள் கடலில் பழைய வழக்கம் ஒன்று உண்டு. ஒருவன் கீழே இருக்கும்போது படகில் நின்று அவனைக் கவனிப்பவர் அவனுடைய மனைவியின் சகோதரனாக இருக்க வேண்டும். கயிற்றைப் பிடித்து இறங்கிய காலத்தில் கயிற்றின் மறு நுனி மச்சானின் கையில் இருந்தது. இப்போது சிலிண்டர் வந்துவிட்டது, கயிறு இல்லை. தண்ணீருக்கு மேலே வரும் குமிழியைப் பார்த்துப் படகை அதன் பின்னால் கொண்டுபோவதுதான் வேலை. இருந்தாலும் அந்த இடத்தில் நிற்பது மச்சான்தான். காரணத்தை யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. தன் சகோதரி தாலி அறுப்பதை எவனும் விரும்பமாட்டான்.

தம்பிக்கு மேலே நின்றது அவனுடைய மனைவியின் தமையன். அன்று பல தடவை இறங்கி ஏறியிருக்கிறான். கடைசியாக ஏறி, படகில் இருந்து பிஸ்கட் தின்றுகொண்டிருந்தபோது கால் விறைக்கிறது என்றானாம். பிறகு வயிற்றைச் சுற்றிப் பட்டி போட்டு இறுக்குவதுபோல வலி. பிறகு கால் தெரியவில்லை. இந்தக் கரையில் எல்லோரும் செய்வதை மச்சானும் செய்தார். புதிய சிலிண்டரைக் கட்டி, அவனைக் கட்டிப்பிடித்தபடி தானும் கூடவே இறங்கி, முன்பு இருந்த ஆழத்துக்கே கொண்டுபோனார். அங்கே கால் திரும்பி வந்தது. தம்பி காலை அடித்து நீந்தியும் காட்டியிருக்கிறான். மேலே ஏறியதும் கால் மறுபடி போய்விட்டது. திரும்பவும் இறக்கினார்கள். காற்று முடிந்தது. அதன் பிறகுதான் ஆஸ்பத்திரி.

வைத்தியர் எனக்குச் சோடாப் போத்தலை உதாரணம் காட்டினார். ஆழத்தில் இரத்தத்தில் கரைந்த காற்று, வேகமாக மேலே வரும்போது நுரைபோலக் குமிழியாகி நரம்பை அடைக்கிறது. ஒரே நாளில் பல தடவை இறங்க இறங்க அது கூடும். திரும்ப இறக்கினால் குமிழி சுருங்கும், சுகம் வந்ததுபோல இருக்கும். ஏறும்போது முன்னையதைவிட மோசமாகப் பெருகும். அதற்கென்று அழுத்த அறை இருக்கிற ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தபோது நேரம் கடந்திருந்தது. பல வாரங்களுக்குப் பிறகு அங்கிருந்து அனுப்பினார்கள். மன்னார் ஆஸ்பத்திரியில் பயிற்சிக்குப் போக வேண்டும் என்பதால் அவன் என் வீட்டுக்கு வந்தான்.

நான் பத்திரிகைக்கு மாவட்டச் செய்தி அனுப்பி வந்தவள். இப்படியான சம்பவங்களைப் பல தடவை எழுதியிருக்கிறேன். அவற்றுக்கு ஒரு அச்சு உண்டு: சங்கு குளிக்கச் சென்றவர், வயது, எத்தனை பிள்ளைகளின் தந்தை, மேலதிக விசாரணை. உயிர் தப்பியவர்கள் செய்தியில் வருவதில்லை. அவர்களுக்குப் பிறகு என்ன நடக்கிறது என்பது எனக்கு என் வீட்டுக்குள்தான் தெரிந்தது. ஒரே பக்கம் படுத்தால் தோல் புண்ணாகும், திருப்பிவிட வேண்டும். மூத்திரப் பையை வெறுமையாக்க வேண்டும். விரிப்பைத் துவைக்க வேண்டும். எங்கள் கிணற்றுத் தண்ணீரில் சவர்க்காரம் நுரைப்பதில்லை. பயிற்சிக்கு முச்சக்கர வண்டியில் ஏற்ற வேண்டும், இறக்க வேண்டும். முதல் மாதம் அவன் மேல் இரக்கமாக இருந்தது. அதற்குப் பிறகு முதுகு வலிதான் இருந்தது.

விளையாட்டை வீட்டுக்குள் கொண்டுவந்தது மகள். பள்ளிக்கூட விடுமுறைக்கு வந்து நின்றவள், தன்னுடைய பழைய டப்பில் அதை ஏற்றித் தகப்பனிடம் கொடுத்துவிட்டுப் போனாள். ஊருக்குப் போன பிறகும் மாலை நேரத்தில் அவள் தன் தாயின் போனிலிருந்து அதே உலகத்துக்குள் வருவாள். என் போனை ஸ்பீக்கரில் போட்டு இருவரும் கதைத்துக்கொண்டே விளையாடுவார்கள். ஆளில்லாத பெரிய நிலம், எல்லாம் சதுரக் கட்டிகள். மரம் வெட்டலாம், மண் தோண்டலாம், வீடு கட்டலாம். இருட்டினால் பிசாசுகள் வரும். சாகாமல் இருப்பதுதான் வேலை.

முதன்முதலாக எனக்குக் காதில் விழுந்த வாக்கியம் நினைவிருக்கிறது. நான் குசினியில் மீன் செதில் சீவிக்கொண்டிருந்தேன்.

“அப்பா, நீங்கள் வீட்டில நில்லுங்கோ. நான் நரகத்துக்குப் போட்டு வாறன்.”

கத்தியோடு வெளியே வந்தேன். “என்னடி பிள்ளை சொல்லுறாய்?”

“பயப்பிடாதேங்கோ மாமி. கேமில ஒரு இடம். முழுக்க நெருப்பு.”

தம்பி திரையிலிருந்து தலையை எடுக்காமல் சொன்னான்: “அது நரகமில்லை. நரகத்துக்குப் போனவன் திரும்பி வரமாட்டான். நீ போய்ப்போய் வாறாய். அது உத்தரிக்கிற ஸ்தலம். பாவம் கழியுமட்டும் வைச்சிருந்து வெளியில விடுவினம்.”

“அப்ப எனக்காக ஒரு பூசை ஒப்புக்குடுங்கோ. கெதியா வெளியில வந்திடுவன்.”

வீட்டில் அவன் சிரித்ததை அன்றுதான் முதன்முதலாகக் கேட்டேன். அதனால் அந்த விளையாட்டை நான் தடுக்கவில்லை.

அதில் மருந்து காய்ச்சலாம். அதற்கு முதலில் அடுப்பு வேண்டும். அடுப்பு செய்ய நரகத்தில் பறந்து திரியும் நெருப்புப் பூதத்தைக் கொன்று அதன் கோலை எடுக்க வேண்டும். அந்தக் கோலை இடித்த தூள்தான் எரிபொருள். கண்ணாடிப் போத்தலில் தண்ணீர் நிரப்பி அடுப்பில் மூன்று மூன்றாக வைக்க வேண்டும். முதலில் போடுவது நரகத்தில் முளைக்கும் ஒரு சிவப்புச் செடி. அது போட்டால் ஒன்றுக்கும் உதவாத கசாயம் ஒன்று வரும். ஆனால் அது இல்லாமல் எந்த மருந்தும் இல்லை. அதற்குமேல் வத்தகப்பழத் துண்டு, அதாவது தர்ப்பூசணி. சும்மா துண்டல்ல, சுற்றிவரத் தங்கம் பதித்த துண்டு. குமிழி ஏறும். தண்ணீர் சிவக்கும். குடித்தால் திரையின் கீழே இருக்கும் இதயங்கள் அந்தக் கணத்திலேயே நிரம்பிவிடும்.

இவை எல்லாவற்றுக்கும் பெயர்கள் ஆங்கிலத்தில் இருந்தன. தம்பி எட்டாம் வகுப்போடு கடலுக்குப் போனவன். ஒவ்வொன்றையும் வாசித்துச் சொல்வது என் வேலையாயிற்று. தமிழ்ப் பெயரும் நான்தான் வைத்தேன்: தீத்தூள், நரகத்துச் செடி, பொன் வத்தகப்பழம். வெறும் கசாயத்துக்கு நான் வைத்த பெயரை மகள் ஏற்கவில்லை. “மாமி, அது பேப்பர்ப் பெயர்” என்றாள். அவள் அதை ‘சும்மா தண்ணி’ என்றாள். அதுவே நிலைத்தது.

வேலைப் பிரிவு மெல்ல அமைந்தது. மகள் நரகத்துக்குப் போய்ச் செடியும் கோலும் கொண்டு வருவாள். தம்பி வீட்டை விட்டு வெளிக்கிடமாட்டான். வீட்டுக்குப் பின்னால், முகங்கள் பதிந்ததுபோலக் கோடு விழுந்த ஒருவகைக் கறுப்பு மண்ணைப் பரப்பி அதில் செடியை வளர்த்தான். அந்த மண் ஒன்றில்தான் அது முளைக்கும். அறுத்து, காய்ச்சி, பெட்டியில் அடுக்குவான். சண்டையில் அவனுக்கு விருப்பமில்லை. அவள் நரகத்தில் நிற்கும்போது அவனுடைய பார்வை டப்பில் இருக்கும், காது போனில் இருக்கும். அவள் பேசுவதை நிறுத்திவிட்டால் கை அப்படியே நின்றுவிடும்.

“பிள்ளை?”

“ம்.”

“மூச்சுச் சத்தம் வேறமாதிரிக் கேக்குது. எத்தனை இதயம் இருக்கு?”

“ரெண்டரை.”

“குடி. இப்பவே குடி. பிறகு அடிபடலாம்.”

“ஒண்டுதான் இருக்கு அப்பா, வைச்சிருப்பம்.”

“வைச்சிருக்கக் காய்ச்சி அனுப்பினனானோ? குடியடி!”

அவன் ஒரு தடவை செய்த சோதனை எனக்குத் தெளிவாக நினைவிருக்கிறது. அந்த விளையாட்டில் ஒரு சிவப்புத் தூள் உண்டு. அதைப் போட்டால் மற்ற மருந்துகளின் வேலை நீண்டுகொண்டு போகும். வேகமாக ஓட வைக்கும் மருந்து இரண்டு மடங்கு நேரம் நிற்கும். தம்பி அதைக் காயம் ஆற்றும் மருந்தில் போடப் பார்த்தான். அடுப்பு எடுக்கவில்லை. திரும்பவும் போட்டான். டப்பைத் தட்டிப் பார்த்தான். அடுத்த நாளும் அதையே செய்தான்.

“அப்பா, அதை நீட்டேலாது,” என்றாள் மகள். “குடிச்ச உடனே என்ன செய்யுமோ அதுதான். பிறகு ஒண்டுமில்லை.”

“அது ஏன்?”

“அது அப்பிடித்தான்.”

அவன் அந்தத் தூளை ஒரு பக்கமாக வைத்தான். எறியவில்லை.

இன்னொரு நாள், அதே மருந்தைப் பிசாசுகள் மேல் எறிந்தால் அவை செத்துப்போகும் என்று அவள் கண்டுபிடித்தாள். உயிருள்ளவனுக்குச் சுகம், செத்தவனுக்குச் சாவு.

“எனக்கு எறிஞ்சால் என்ன நடக்குமெண்டு பாப்பம்,” என்றான் தம்பி. “இடுப்புக்கு மேல சுகமாகி, கீழ செத்துப்போகும்.”

நான் விரிப்பை எடுத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போனேன்.

அவன் ஒரு மருந்தை மட்டும் காய்ச்சவே இல்லை. சும்மா தண்ணிக்குள் பேத்தை மீனைப் போட்டால் கடலுக்குள் மூச்சு விடும் மருந்து வரும். பேத்தை எங்கள் கடலில் வலைக்கு வந்தால் எடுத்து எறிகிற மீன்; நஞ்சு. முதலில் அதைக் கேட்டு வயிறு குலுங்கச் சிரித்தான். “பேத்தையைத் திண்டால் தரையிலயே மூச்சு நிண்டிடும். இதைக் கண்டுபிடிச்சவன் வலை இழுக்காதவன்.” மகளுக்கு அந்த விளையாட்டின் கடலடியில் மூழ்கிக் கிடக்கும் வீடுகளைப் பார்க்க ஆசை. பேத்தை பிடித்து வந்து வீட்டு வாசலில் வைத்தாள். கெஞ்சினாள். அவன் அடுப்பைக் கொடுக்கவில்லை. நரகத்துக்கு எத்தனை தடவையும் போகலாம், கடலுக்குள் போகக்கூடாது. காரணம் கேட்டால், “அங்க போய் என்ன எடுக்கப்போறாய்?” என்பான்.

இவ்வளவும் மாலை நேரத்தில். காலையில் வேறு கதை. பயிற்சி முடிந்து வந்து கட்டிலில் கிடத்திய பிறகு, கூரையைப் பார்த்துக்கொண்டு சொல்வான்:

“அக்கா, கீழ போன உடனே கால் வந்தது.”

“ஓம். சொன்னனீ.”

“நான் பொய் சொல்லேல்லை. மச்சானைக் கேளுங்கோ. அடிச்சு நீந்தினனான். காற்று முடியாட்டில் அண்டைக்கே சரி வந்திருக்கும். ஒருக்கா வடிவா, ஆறுதலா இறங்கி, மெல்ல மெல்ல ஏறினால் காணும்.”

“டொக்டர் சொன்னதை நீயும் கேட்டனீதானே.”

“டொக்டர் கடலுக்குள்ள போனவரோ?”

முதல் சில தடவை சோடாப் போத்தலைத் திரும்பச் சொன்னேன். பிறகு சொல்வதை நிறுத்திவிட்டேன். அவன் சொன்னதில் பொய் இல்லை என்பதுதான் கஷ்டம். ஆழத்தில் கால் வந்தது உண்மை. அந்த ஒரு உண்மையை வைத்துக்கொண்டு அவன் நாலு மாதம் கட்டிலில் கிடந்தான். விபத்துக்குப் பிறகு மச்சான் என் வீட்டுப் படி ஏறவில்லை. போன் மட்டும் எடுப்பார். அந்த ஞாயிறுக்கு முந்தின வாரம் அந்தப் போன் பேச்சு அடிக்கடி நடந்தது. நான் அறைக்குள் வந்தால் தம்பி பேச்சை மாற்றினான். எனக்கு விளங்கியது. விளங்காதவள்போல இருந்தேன். இருவரோடும் சண்டை பிடிக்க உடம்பில் தெம்பு இல்லை.

தேத்தண்ணிக் கோப்பையைக் கழுவி வைத்துவிட்டு, தெரிந்த முச்சக்கர வண்டிக்காரரைக் கூப்பிட்டு, வாடிக்குப் போனேன். ஞாயிற்றுக்கிழமையாதலால் கரையில் ஆள் நடமாட்டம் இல்லை. மச்சானின் முச்சக்கர வண்டி வாடிக்குப் பக்கத்தில் நின்றது. நாங்கள் கத்தோலிக்கர், ஞாயிறு கடலுக்குப் போவதில்லை. படகுகள் எல்லாம் மணலில் இழுத்து விடப்பட்டிருந்தன. ஒன்று மட்டும் தண்ணீரில் பாதி நின்றது. அதன் பக்கத்தில் மீன் பெட்டியைக் கவிழ்த்து அதன் மேல் தம்பி இருந்தான். முகக் கண்ணாடியை நெற்றியில் ஏற்றியபடி. சாரத்தைத் தூக்கிச் செருகியிருந்தான். மூத்திரப் பையைக் கழற்றிவிட்டுக் குழாயின் நுனியை மடித்து றப்பர் வளையத்தால் கட்டியிருந்தான். மச்சான் சிலிண்டர் ஒன்றை மணலில் நிறுத்தி, அது விழுந்துவிடும் என்பதுபோல இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றார்.

“மச்சாள் வந்திட்டா,” என்றார். அவருடைய குரலில் பயம் இல்லை. ஆள் வந்து சேர்ந்த ஆறுதல் இருந்தது.

“சொல்லிப்போட்டு வந்தால் விடுவீங்களோ?” என்றான் தம்பி.

“கேற்றைச் சாத்திப்போட்டு வந்திருக்கலாம். உன்ர துவாயைக் கழுதை திண்டுபோட்டுது.”

“ஞாயிற்றுக்கிழமை கடலில இறங்குறமெண்டு ஏசப்போறீங்கள். இது தொழிலுக்கில்லை. வைத்தியத்துக்கு.”

நான் மச்சானைப் பார்த்தேன். “நீங்களே கூட்டிக்கொண்டு வந்தனீங்கள்?”

“கேட்டுக் கேட்டு என்னைச் சாகடிச்சுப்போட்டான் மச்சாள். ஒவ்வொரு நாளும். நீ கொண்டுபோகாட்டில் வேற ஆளைப் பிடிப்பன் எண்டான். வேற ஆளோட போய்ச் செத்தால் நான் தங்கச்சியின்ர முகத்தில எப்பிடி முழிக்கிறது? அதுதான் கூட்டிக்கொண்டு வந்தனான். இஞ்ச வந்து நிண்ட உடனே கை ஓடேல்லை.”

“கை ஓடாட்டில் சிலிண்டரைத் தா, நான் கட்டுறன்,” என்றான் தம்பி.

“தங்கச்சி தன்ர வாயால ஓமெண்டு சொல்லட்டும். சொன்னால் நிக்கிறன். இல்லாட்டில் இந்தப் படகில நான் மேல நிக்கமாட்டன்.”

“அவள் சொல்லுவாளோ? உனக்கு விசரோ?”

“அப்ப வீட்ட போ.”

அவர்கள் அப்படியே கத்திக்கொண்டிருந்தார்கள். நான் மணலில் இருந்தேன். களைப்பு எப்படியென்றால், ‘போ, போய் இறங்கு, என்னவோ செய்’ என்ற வார்த்தை வாயில் தயாராக இருந்தது. சொல்லியிருப்பேன். அதற்குள் மச்சான் தன் போனை எடுத்துத் தங்கச்சியின் இலக்கத்தை அழுத்தி, ஸ்பீக்கரில் போட்டுத் தம்பியின் மடியில் வைத்தார்.

எடுத்தது மகள்.

“மாமா? அம்மா கிணத்தடியில. பூசைக்கு வெளிக்கிடுறா.”

தம்பி போனை வாயருகே தூக்கினான். “நான்தான் பிள்ளை,” என்றான்.

“அப்பா! மாமாவின்ர போனிலயோ? மாமா அங்க வந்தவரோ? நல்லது. அப்பா, நான் பெட்டியைப் பாத்தனான். எவ்வளவு மருந்து! ஏன் அவ்வளவு?”

“உனக்குத்தான்.”

“நாங்கள் எங்கயாவது போறமோ?”

“இல்லை. சும்மா.”

“அப்ப ஒண்டு கேக்கட்டோ? ஏசக்கூடாது. பூசை முடிஞ்சு வந்து கடலுக்குள்ள ஒருக்கா இறங்கட்டோ? பேத்தையை நானே காய்ச்சிப்போட்டன். நீங்கள் வள்ளத்தில நிண்டால் காணும். மருந்தோட மேல நில்லுங்கோ. நான் போன உடனே வந்திடுவன்.”

தம்பியின் முகம் கறுத்தது. “ஆரைக் கேட்டுக் காய்ச்சினனீ? நான் இல்லாமல் இறங்கினியோ, பிறகு அந்தப் பக்கமே வரமாட்டன், சொல்லிப்போட்டன். மேல ஆள் இல்லாமல் தண்ணிக்குள்ள கால் வைக்கிறது எந்த ஊர்ப் பழக்கம்?”

“அதுதானே உங்களைக் கேக்கிறன்,” என்றாள் அவள், அழுகை வருகிற குரலில். “அம்மா வாறா. குடுக்கட்டோ?”

“வேண்டாம். பூசைக்குப் போங்கோ. பிறகு எடுக்கிறன்.”

போனை வைத்தான். முகக் கண்ணாடியை நெற்றியிலிருந்து கழற்றினான், திரும்பவும் போட்டான். கடல் அலையில்லாமல் கிடந்தது. தூரத்தில் கோயில் மணி அடித்தது.

“பிள்ளைக்கு ஒரு சட்டம், உனக்கு ஒரு சட்டமோ மச்சான்?” என்றார் மச்சான்.

தம்பி அவரைத் தூஷண வார்த்தை ஒன்றால் திட்டினான். மச்சான் அதை ஏற்றுக்கொண்டார். பிறகு சிலிண்டரை மணலில் படுக்கவைத்து, அதன் மேல் இருந்து, யாரையும் பார்க்காமல் சொன்னார்:

“நாலு மாசமாய் படகு சும்மா கிடக்கு. எனக்கும் மேல நிக்க ஆள் இல்லை. நீ மேல இரு. நான் இறங்குறன்.”

“நீயோ? உனக்குச் சங்கு எது, கல்லு எது எண்டு தெரியுமோ?”

“தெரியாது. சொல்லித்தா.”

“அடிக்குப் போனால் உனக்குக் காது வெடிக்கும். அண்டைக்கு என்னைக் கொண்டு இறங்கேக்கையே உனக்கு மூக்கால இரத்தம் வந்தது.”

“வந்ததுதான். இறங்கினன்தானே?”

தம்பி முகக் கண்ணாடியைக் கழற்றி மணலில் வைத்தான். வெயில் ஏறியது. றப்பர் வளையம் கட்டிய குழாய் நினைவுக்கு வந்து, நான் எழுந்து போய் அதை அவிழ்த்துப் பையை மாட்டினேன். உடனே நிரம்பத் தொடங்கியது. அவன் தடுக்கவில்லை.

“என்ர கால்?” என்றான், என்னிடமா மச்சானிடமா என்று தெரியாமல்.

“அது பிறகு,” என்றார் மச்சான்.

“பிறகு எண்டால் எப்ப?”

யாருக்கும் தெரியாது. நானும் மச்சானும் சேர்ந்து அவனைத் தூக்கி அவருடைய முச்சக்கர வண்டியில் ஏற்றினோம். வீட்டுக்கு வந்ததும் அவன் பின்னேரம் வரை நித்திரை கொண்டான். நானும் கொண்டேன். எழும்பிப் பார்த்தபோது அவன் டப்பைக் கையில் வைத்திருந்தான். மகள் கடலடியில் ஒரு வீட்டின் வாசலில் நின்றாள். அவன் அவளுக்கு மேலே வள்ளத்தில் நின்று, மருந்துப் போத்தலைக் கையில் பிடித்தபடி, மூச்சு, மூச்சு என்று கேட்டுக்கொண்டிருந்தான். என்னைக் கண்டதும், “பேத்தை வேலை செய்யுது அக்கா,” என்றான். சந்தோஷமாகச் சொன்னான் என்று எழுத முடியாது.

திங்கட்கிழமை விடியற்காலையில் மச்சான் வாசலுக்கு வந்தார். இந்தத் தடவை ஹோர்ன் அடித்தார். அவனைக் கட்டிலிலிருந்து இறக்கி வண்டியில் ஏற்றும்போது, எனக்கு இப்போது கவலைப்பட இரண்டு பேர் என்று நினைத்தேன். பயிற்சிக்கு வரமாட்டான் என்று ஆஸ்பத்திரிக்குப் போன் பண்ணிச் சொன்னேன். பிறகு விரிப்பை ஊறப்போட்டேன்.

தம்பி படகின் நடுவில், மீன் பெட்டி மேல் இருந்ததாகப் பின்னேரம் மச்சான் சொன்னார். மச்சான் இரண்டு தடவை இறங்கினார். மூன்றாவது சிலிண்டரைக் கட்டத் தம்பி விடவில்லை.